கேமராவா, டைரக்‌ஷனா? டைரக்‌ஷன்தான்!

நடுவர் அவர்களே, எல்லாருக்கும் வணக்கம். நார்வேக்காரர் ஜான் ஆண்ட்ரியாஸ் ஆண்டர்சன், கேமராமேனா வந்து டைரக்டரானவரு, அவரு பேரு நிக்கப்போறது எதுலன்னு கேட்டா எதிரணித் தம்பி கேமராங்கறாரு, 2011ல வந்த 'ஹெட்ஹண்டர்ஸ்' படத்தைத் தூக்கிட்டு வந்து, ஹீரோ மலக்குழிக்குள்ள முங்கி ஒரு அட்டைக்குழாயை வாயில வச்சு மூச்சு விடுவானே, அந்த சீன் ஒண்ணு போதாதான்னு கேட்டாரு. நல்ல சீன்தாங்க, பாக்குற நமக்கே மூச்சு முட்டும், ஆனா அது மார்ட்டன் டில்டம் டைரக்ட் பண்ண படம், அங்க ஆண்டர்சன் அடுத்தவர் கதைக்கு ஒளி குடுத்தாரு.

அவரே முடிவெடுத்த இடத்துக்கு வாங்க. 2018ல 'தி க்வேக்'. நார்வே தலைநகர் ஓஸ்லோவை 1904ல நெஜமாவே ஒரு நிலநடுக்கம் உலுக்குச்சு, அது திரும்ப வந்தா என்னாகும்ங்கறதுதான் கதை. இந்தப் படத்துல கேமராவை வேற ஒருத்தர்கிட்ட குடுத்துட்டாரு, இதை எதிரணி வசதியா விட்டுட்டாங்க! சரி, கட்டடம் இடியறத பாக்க வந்தவனுக்கு முதல்ல என்ன காட்டுறாரு? இதுக்கு முந்தின பாகமான 'தி வேவ்' படத்துல வந்த சுனாமியில செத்தவங்க போட்டோவை செவுரு முழுக்க ஒட்டி வச்சுக்கிட்டு தனியா கெடக்குற ஒரு ஜியாலஜிஸ்ட், அப்பாவோட இருக்கணும்னு ஆசையா வந்த சின்னப்பொண்ண சீக்கிரமே ஃபெரியில ஏத்தி திருப்பி அனுப்பிடறான், அந்தப் பொண்ணு மூஞ்சிய பாத்தீங்களா? பாதிப்படம் தாண்டியும் பூமி பெருசா ஆடல, இந்த வீடு ஒடஞ்சு கெடக்குறதத்தான் பொறுமையா காட்டுறாரு. அதனாலதான் பின்னாடி ஒரு ஹோட்டல் உச்சி மாடி சாஞ்சு, அதே பொண்ணு கண்ணாடிய நோக்கி சறுக்கிட்டுப் போறப்ப நமக்கு அடிவயிறு கலங்குது. கிராஃபிக்ஸ் யாரு வேணா பண்ணலாம் ஐயா, இந்தக் கலக்கத்த யாரு பண்ணா?

2021ல எடுத்த 'தி பர்னிங் சீ'யும் அப்படித்தான், கடலுக்கடியில ரோபோ ஓட்டுற ஒரு பொண்ணு, எண்ணெய் மேடையில மாட்டிக்கிட்ட அவ ஆளு, 1969ல எண்ணெய் கண்டுபிடிச்சு பணக்காரனான நார்வேங்கற நாட்ட அவங்க காசு வந்த கடலுக்கே கூட்டிட்டுப் போய் பயமுறுத்துறதுக்கு ஒரு துணிச்சல் வேணும்.

தம்பிக்கு ஒரே கேள்வி. 'தி க்வேக்'ல அந்தப் பொண்ண ஃபெரியில அனுப்புற சீனை எடுத்துட்டு, கட்டடம் சாயறத மட்டும் போட்டுக் காட்டுங்க. யாராவது கலங்குவாங்களா? பதில் சொல்லுங்க, நான் உக்காந்துக்கறேன்.