கல் உருட்டும் ஈஸார்

நேயர்களுக்கு வணக்கம்.

ஆல்ப்ஸ் மலை ஆறுகள் என்றால் ரைனும் ரோனும்தான் சட்டென்று நினைவுக்கு வரும். இன்று நான் பேசப்போவது அவற்றைவிடச் சின்ன ஆறு. பெயர் ஈஸார். நீளம் 295 கிலோமீட்டர்தான். ஆஸ்திரியாவின் டிரோல் பகுதியில் கார்வெண்டல் மலைகளில் பிறந்து, ஜெர்மனியின் பவேரியாவுக்குள் புகுந்து, மியூனிக் நகரத்தின் ஊடே ஓடி டான்யூபில் கலக்கிறது.

கார்வெண்டல் முழுக்கச் சுண்ணாம்புப் பாறை. உறைபனியும் மழையும் உடைத்துத் தள்ளும் கற்களை ஆறு உருட்டிக்கொண்டே வரும். மேல் ஈஸாரில் எங்கு பார்த்தாலும் வெள்ளை வெளேரென்று கூழாங்கல் திட்டுகள். இடையில் பச்சை கலந்த நீலத்தில் தண்ணீர், பல கிளைகளாகப் பிரிந்து ஓடும். ஒரு பெருவெள்ளம் வந்தால் போதும், நேற்றிருந்த திட்டு இன்று இருக்காது.

ரயில் வருவதற்கு முன்னால் இந்த ஆறுதான் பவேரியாவின் சரக்குப் பாதை. மலையில் வெட்டிய மரங்களைத் தெப்பமாகக் கட்டி, அதன்மேல் சுண்ணாம்பும் கரியும் ஏற்றி மியூனிக்குக்கு விடுவார்கள். அந்த ஊரின் பெரிய தேவாலயமான ஃப்ராவன்கிர்ஹெயின் கூரை மரங்கள்கூட இப்படி மிதந்து வந்தவைதான். தெப்பம் இன்றும் உண்டு, சுற்றுலாவுக்கு. வொல்ஃப்ராட்ஸ்ஹவுசனில் ஏறினால் வாத்தியக் குழுவும் பீரும் கூடவே வரும். மியூனிக்கில் இறங்கியதும் தெப்பத்தைப் பிரித்து, மரங்களை லாரியில் ஏற்றி மறுபடி மேலே கொண்டுபோவார்கள்.

அப்புறம் மின்சாரம் வந்தது. வால்ஹென்சே, கோஹெல்சே என்று பக்கத்துப் பக்கத்தில் இரண்டு ஏரிகள். ஒன்று மற்றதைவிட ஏறக்குறைய 200 மீட்டர் உயரம். ஆஸ்கர் ஃபான் மில்லர் என்ற பொறியாளர் இந்த உயர வித்தியாசத்தில் மின்சாரம் எடுக்கலாம் என்றார். 1924-ல் மின்நிலையம் ஓடத் தொடங்கியது. சரி, மேல் ஏரிக்குத் தண்ணீர் வேண்டுமே? க்ரூன் என்ற ஊரில் ஈஸாரை மறித்துத் திருப்பினார்கள். அதற்குக் கீழே ஆறு பல மைல் தூரம் வெறும் கல்படுகையாகக் கிடந்தது. 1990-லிருந்துதான் கொஞ்சம் தண்ணீர் விடுகிறார்கள்.

1959-ல் சில்வன்ஸ்டைன் அணை. ஃபால் என்ற பழைய கிராமம் அதில் மூழ்கியது. ஊரை மேட்டில் புதிதாகக் கட்டிக் கொடுத்தார்கள். 1999-லும் 2005-லும் வந்த வெள்ளங்களில் மியூனிக்கைக் காத்தது இந்த அணைதான். அதை யாரும் மறுக்க முடியாது.

என்னைக் கேட்டால், இவர்கள் எல்லாரும் தண்ணீரை மட்டும் கணக்குப் போட்டார்கள், கல்லை விட்டுவிட்டார்கள். அணை கல்லைப் பிடித்துக்கொள்கிறது. கீழே போகும் வெறும் தண்ணீர் படுகையை அரித்து அரித்துப் பள்ளமாக்குகிறது. அதனால் இப்போது பொக்லைன் வைத்துக் கல்லை அள்ளித் தடுப்புக்குக் கீழே கொட்ட வேண்டியிருக்கிறது. ஆறு சும்மா செய்துகொண்டிருந்த வேலைக்கு இன்று டீசல் செலவு!

மியூனிக் இதைப் புரிந்துகொண்டது. 2000 முதல் 2011 வரை, நகருக்குள் 8 கிலோமீட்டருக்குக் கரையை இடித்து, ஆற்றை அகலப்படுத்தி, கல்திட்டுகளை மீட்டார்கள். கோடையில் ஜனங்கள் அங்கே குளிக்கிறார்கள். அதற்காக, மேலே உள்ள ஊர்களின் கழிவுநீர் நிலையங்களில் புற ஊதாக் கதிர் பாய்ச்சிக் கிருமியைக் கொல்கிறார்கள்.

வால்ஹென்சே மின்நிலையத்தின் உரிமம் 2030-ல் முடிகிறது. அடுத்த உரிமத்தில் ஈஸாருக்கு எவ்வளவு தண்ணீர் விடுவது, நிலையத்தை அரசே எடுத்து நடத்தலாமா என்று பவேரியாவில் வாதம் நடந்துகொண்டிருக்கிறது. நன்றி, வணக்கம்.