அத்திக்காய்க்குள்ள இருக்கிறவை

போன சனிக்கிழமை எங்கட சனசமூக நிலையத்தில நான் கதைச்சதை எழுதித் தரச்சொல்லி கன பேர் கேட்டவை. போனில ரெக்கோர்ட் பண்ணினது அரைவாசியில நிண்டுபோச்சு, மிச்சம் ஞாபகத்தில இருந்து எழுதுறன். கதைச்ச மாதிரியே இருக்கட்டும் எண்டு பெரிசா திருத்தேல்ல.

அம்மாமார் ஐயாமார் எல்லாருக்கும் வணக்கம். பின்னால நிக்கிற தம்பிமாரும் முன்னுக்கு வந்து இருங்கோ, ஏனெண்டா நான் காட்டப்போற ஆள் சரியான சின்னன்.

இது அத்திக்காய். இண்டைக்கு விடிய கனகராயன் ஆத்தங்கரையில நிக்கிற மரத்தில புடுங்கினது, இன்னும் பழுக்கேல்ல, ஒரு பக்கம் மட்டும் சிவக்கத் தொடங்கியிருக்கு. அத்தியைப் பற்றி எங்கட சனத்திட்ட ரெண்டு சொல்லு இருக்கு. கனகாலம் காணாத ஆள் படலையில வந்து நிண்டா "என்ன அத்தி பூத்த மாதிரி" எண்டு கேப்பம். மற்றது, "அத்திப்பழத்தைப் புட்டுப் பாத்தா அத்தனையும் புழு". ரெண்டையும் சின்னனில இருந்து கேட்டு வளர்ந்தனாங்கள், ஆனா ரெண்டும் ஒரே விசயத்தின்ர ரெண்டு பக்கம் எண்டு எனக்கு விளங்கினது விஞ்ஞானம் படிப்பிக்கத் தொடங்கி எத்தினையோ வருசத்துக்குப் பிறகுதான்.

அத்தி பூக்காத மரமில்லை. நாங்கள் காய் எண்டு சொல்லுறதே பூங்கொத்துத்தான், பூவைக் கையில வைச்சுப் பொத்தின மாதிரி எண்ணிமுடிக்கேலாத குட்டிப்பூக்கள் எல்லாம் உள்பக்கம் பாத்தபடி இருக்கு. வெளியில இருந்து உள்ளுக்க போறதுக்கு இருக்கிற ஒரே பாதை இந்த நுனியில தெரியிற புள்ளிதான். அதுக்குள்ளால நுழைஞ்சு மகரந்தம் சேர்க்கிற ஆள் ரெண்டு மில்லிமீற்றர் அளவான ஒரு குளவி. நுழையேக்க செட்டை பிய்ஞ்சுபோகும், அதோட அது வெளிய வராது. தான் பிறந்த காயில இருந்து கொண்டுவந்த மகரந்தத்தை இஞ்ச இருக்கிற பூவுகளில போட்டு, கொஞ்சப் பூவில முட்டையும் வைச்சிட்டு அங்கயே செத்துப்போகும். முட்டை வைச்ச பூ குளவிக்கு, மிச்சப் பூ மரத்தின்ர விதைக்கு. பேந்து குஞ்சுகள் வளர்ந்து ஆண் குளவியள் முதல்ல வெளிக்கிடும், அதுகளுக்குச் செட்டையே இல்லை, பெண்ணோட சேர்ந்து, காய்ச்சுவரைக் கடிச்சு வழி துளைச்சுக் குடுத்திட்டு அதுகளின்ர சீவியம் முடிஞ்சுது. பொம்பிளைக் குளவியள் மகரந்தத்தையும் காவிக்கொண்டு அந்த வழியால பறந்து ஒண்டு ரெண்டு நாளுக்குள்ள வேற மரத்தில பக்குவமான காய் ஒண்டைக் கண்டுபிடிக்கவேணும், இல்லாட்டி அந்த வம்சம் அவ்வளவுதான்.

(இதில காயைப் பிளந்து வெள்ளைப் பேப்பரில தட்டிக் காட்டினனான். முதல்ல தூசி மாதிரிக் கிடந்தது. பிறகு முன்வரிசையில இருந்த ஒரு பிள்ளை "சேர், தூசி நடக்குது" எண்டு கத்தினா. எல்லாரும் எழும்பி மேசையைச் சுத்தி வந்திட்டினம், திரும்ப இருத்தப் பத்து நிமிசம் போச்சு.)

அப்ப "அத்தனையும் புழு" எண்டு நாங்கள் அருவருத்தது அந்த மரத்தின்ர சீவனை. ஆலுக்கு வேற குளவி, அரசுக்கு வேற குளவி, அனேகமா ஒவ்வொரு சாதிக்கும் ஒவ்வொரு சாதி. குளவிக்கு ஆயுள் ஒண்டு ரெண்டு நாள் எண்டபடியால எங்கயாவது ஒரு மரம் எப்பவும் பக்குவத்தில நிண்டுகொண்டிருக்கவேணும், அதாலதான் இந்த மரங்கள் எல்லாம் ஒரே மாசத்தில ஒண்டாக் காய்க்கிறேல்ல, ஒவ்வொண்டும் தன்ர பாட்டில காய்க்குது. இதால பலன் ஆருக்கு எண்டு பாருங்கோ. ஆனி ஆடியில பாலைப்பழம் முடிஞ்சாப்பிறகு காடு காய்ஞ்சுபோய்க் கிடக்கேக்க குரங்கும் பச்சைப்புறாவும் வௌவாலும் இருவாய்ச்சியும் வயிறு நிரப்புறது ஆலிலயும் அத்தியிலயும்தான். அந்தப் புறா எச்சம் போட, பனைமட்டை இடுக்கில ஆல் முளைச்சு பனையைக் கட்டிப்பிடிச்சுக்கொண்டு நிக்கிறதை இஞ்ச காணாத ஆள் இல்லை.

அடுத்தது புத்து. 2010 இல நாங்கள் திரும்பி வரேக்க எங்கட வீட்டில கூரை இல்லை, மூண்டு சுவர்தான் மிச்சம், சாமியறை இருந்த இடத்தில என்ர இடுப்பளவுக்கு ஒரு கறையான் புத்து. ஐயா மண்வெட்டியை எடுத்துக்கொண்டு போக அம்மா குறுக்க போய் நிண்டிட்டா. புளியம்பொக்கணை நாகதம்பிரானுக்கு நேர்த்தி வைச்சு வளர்ந்த மனுசி, புத்தில கைவைக்க விடுவாவோ. தறப்பாள் கொட்டிலைத் தள்ளித்தான் போட்டனாங்கள். அந்த வருச மாரியில முதல் மழை விழுந்து கொஞ்ச நாளில புத்தைச் சுத்தி வெள்ளை வெளேரெண்டு காளான், அண்டைக்கு எங்களுக்குக் கறி அதுதான்.

அந்தக் காளான் தற்செயலா வந்ததில்லை. கறையான் மரத்தை அரிக்கும், ஆனா அதால அதைத் தனியச் செமிக்க வைக்கேலாது. அரைச்ச மரத்தூளைக் கொண்டுபோய்ப் புத்துக்குள்ள கடற்பஞ்சு மாதிரி அடுக்கி அதில ஒரு பூஞ்சணத்தை வளர்க்குது. பூஞ்சணம் மரத்தை இளக்கிக் குடுக்க கறையான் அதைச் சாப்பிடும். உண்மையான தோட்டம் செய்கை எண்டே சொல்லலாம், ஈரமும் சூடும் மாறாம பாக்கிறதுக்குத்தான் அந்த மண்கோட்டை. மழைக்கு வெளிய தலைகாட்டுறது அந்தப் பூஞ்சணத்தின்ர காளான்தான். "கறையான் புத்தெடுக்கக் கருநாகம் குடிபுகுந்த மாதிரி" எண்டு நாகத்தைக் குறை சொல்லுவம், கறையான் விட்டிட்டுப் போன புத்தில இருக்கிற நாகம் இரவில பிடிக்கிறது எங்கட நெல்லுத் தின்னுற எலியை. கரடி புத்தைக் கிண்டிக் கறையானை உறிஞ்சித் தின்னும், பாலைப்பழக் காலத்தில பாலையில ஏறும், தின்ன பழத்தின்ர கொட்டையை வேற எங்கயோ கொண்டுபோய்ப் போடும். அந்தக் கதைக்குள்ள போனால் இண்டைக்கு வீட்டை போகேலாது.

இனி வயல். இதுக்காகத்தான் முக்கியமா வந்தனான்.

2013 காலபோகம். பயிர் குடலைப் பருவத்தில நிக்குது, பாக்க வடிவான பயிர், யூரியாவும் கொஞ்சம் கூடத்தான் போட்டிட்டன். அடியில விலத்திப் பாத்தா தண்ணிக்கு மேல அங்கொண்டும் இங்கொண்டுமா அறக்கொட்டி, கபில நிறத் தத்தி எண்டுறது. பயந்துபோய்க் கடையில கேட்டன், ரெண்டு மருந்தைக் கலந்து அடிக்கச் சொல்லிச்சினம். அடிச்சன். அடுத்தநாள் வயல் துப்பரவு, எனக்குப் பெரிய சந்தோசம். ரெண்டு மூண்டு கிழமையில வயலுக்கு நடுவில பாய் அளவுக்கு ஒரு வட்டம் எரிஞ்சமாதிரிக் காய்ஞ்சுது. திரும்ப அடிச்சன். வட்டம் ரெண்டாச்சு, ஏழாச்சு. ரெண்டு ஏக்கரில முக்கால்வாசி போட்டுது. பக்கத்து வயல்காரர் கையில காசில்லாம ஒருக்காலும் அடிக்காம விட்ட வயல் பச்சையா நிண்டது. எனக்கு அந்த நேரம் அது விளங்கவே இல்லை, ஆற்றையோ கண்ணூறு எண்டுகூட நினைச்சன்.

என்ன நடந்தது எண்டால், தத்தி முட்டையை நெல்லின்ர இலைமடலுக்குள்ள குத்தி வைக்குது. அங்க மருந்து போய்ச் சேராது. அடிச்ச மருந்தில செத்தது வெளியில நிண்ட தத்தி, அதோட ஆர் தத்தியைத் தின்னுதோ அந்த ஆக்களும். பயிரின்ர அடியில ஓடித்திரியிற ஒரு சிலந்தி இருக்கு, வலை கட்டாது, தண்ணிக்கு மேலாலயும் ஓடும், முட்டைப்பையைப் பின்னால கட்டிக்கொண்டு திரியும், பொரிச்சாப்பிறகு குஞ்சுகள் எல்லாம் தாயின்ர முதுகில ஏறி இருக்கும். ஒரு நாளைக்கு 5 இல இருந்து 15 பூச்சி வரைக்கும் பிடிக்கிற ஆள். இலைமடலுக்குள்ள இருக்கிற தத்தி முட்டையை உறிஞ்சிக் குடிக்கிற பச்சை நிறச் சிறுபூச்சியும் ஒண்டு இருக்கு. இவை எல்லாரையும் நான் காசு குடுத்துச் சாக்காட்டிப்போட்டன். ஒரு கிழமை பத்து நாளில முட்டை பொரிக்க, குஞ்சுத் தத்திக்குக் காவல்காரன் இல்லாத வயல்.

இந்தோனேசியாவிலயும் இதுதான் நடந்தது, நாடு முழுக்க. அரசாங்கமே மானியம் குடுத்து அடிக்க வைச்ச மருந்தாலதான் தத்தி பெருகுது எண்டு விளங்கி, 1986 இல நெல்லுக்கு 57 வகை பூச்சி மருந்தைத் தடைசெய்தவை. விளைச்சல் அதால விழுந்துபோகேல்ல.

இதுக்குள்ள இன்னொரு முடிச்சு இருக்கு, அதுதான் எனக்கு எல்லாத்திலயும் பிடிச்சது. தத்தி வாறதுக்கு முதலே, நட்ட புதுசிலயே சிலந்தி வயலில நிக்குது. அப்ப அது எதைத் தின்னுது? ஜாவா வயலுகளில செய்த ஆராய்ச்சி 1996 இல வெளிவந்தது, அதில இதுக்குப் பதில் இருக்கு. சேத்துக்குள்ள உக்குற வைக்கல், சாணி, இலைகுழையைத் தின்னுற புழுவுகள், அதில இருந்து வாற நுளம்பு மாதிரிச் சின்னப் பூச்சியள், அதுகள் நெல்லை ஒண்டும் செய்யாது, சிலந்தி அதுகளைத் தின்னு பெருகிக்கொண்டு நிக்கும். பிறகு தத்தி வரேக்க வயலில படை தயார். அப்ப ஐயாமாரே, சூடடிச்சிட்டு வைக்கலைக் குவிச்சுக் கொளுத்திறமே, அதோட எரியிறது அடுத்த போகத்துச் சிலந்தியின்ர சாப்பாடு. வயலில மாடு கட்டின காலத்தில எங்கட அப்புமார் இதைக் கணக்குப் பாத்துச் செய்யேல்ல, ஆனா அவையின்ர வயலில அது நடந்துகொண்டுதான் இருந்தது.

கடைசியில ஒரு அண்ணை எழும்பிக் கேட்டார், "அப்ப மருந்தே அடிக்கக் கூடாது எண்டுறியோ, கதிர் காய்ஞ்சா ஆர் கடன் கட்டுறது?" நியாயமான கேள்வி. அடிக்கவே கூடாது எண்டு நான் சொல்லேல்ல அண்ணை, கடன் எனக்கும் இருக்கு. அடிக்கமுதல் பயிரை விலத்திக் குனிஞ்சு பாத்து, தத்தியை மட்டும் எண்ணாம சிலந்தியையும் சேர்த்து எண்ணிப்போட்டு முடிவெடுங்கோ எண்டுதான் கேக்கிறன். நான் அண்டைக்கு எண்ணேல்ல.

வாற ஞாயிற்றுக்கிழமை விடிய ஆறு மணிக்கு வாய்க்கால் மதகடியில நிப்பன், வரக்கூடிய ஆக்கள் வாங்கோ, பிள்ளையளையும் கூட்டிக்கொண்டு. பனி இறங்கியிருக்கிற நேரம் சின்னச் சிலந்தியளின்ர வலை எல்லாம் வரம்பு முழுக்க வெள்ளையாத் தெரியும், வெயில் ஏறினா ஒண்டும் தெரியாது. செருப்பைக் கழட்டிப்போட்டுத்தான் இறங்கவேணும்.