பிள்ளைக்கு "விற்கப்பட்டவன்"னு பேர் வைப்பாங்களா? துருக்கியின் துர்சுன், சத்துல்முஷ்!

[திரையில்: எட்டு மூலை சிவப்புப் பலகை]

துருக்கி ரோட்டுல இந்தப் பலகையைப் பார்த்தா வண்டியை நிறுத்தியே ஆகணும். அதுல இருக்கிறது ஒரே சொல்: "துர்". நில்! இதே சொல்லோட ஒரு விகுதியைச் சேர்த்தா ஆம்பளைப் பிள்ளைக்குப் பேர் ரெடி. துர்சுன். கருங்கடல் ஓரத்துல ரொம்பப் பழக்கமான பேரு. அந்த ஊர் ஜோக்குகள்ல தெமெல்னு ஒருத்தர் வருவார், அவரோட கூட்டாளி பேர் பெரும்பாலும் துர்சுன்தான்.

பேரோட அர்த்தம் "நில்"னு சில இடங்கள்ல போட்டிருப்பாங்க. அது தப்பு. நில்னா வெறும் "துர்". "சுன்" நம்ம "அட்டும்" மாதிரி: "கெல்" வா, "கெல்சின்" வரட்டும், "ஓல்" ஆகு, "ஓல்சுன்" ஆகட்டும். வேர்ல இருக்கிற உயிரெழுத்தைப் பார்த்து சின், சுன்னு மாறிக்கும். ஆக துர்சுன்னா "நிற்கட்டும்", "தங்கட்டும்". யாரு? பிள்ளைதான். முன்னாடி பிறந்ததெல்லாம் தங்காம போன வீட்டுல, இதாவது உயிரோட தங்கட்டும்னு பேரையே வேண்டுதலா வெச்சுட்டாங்க.

இதுக்கு ஒரு குடும்பமே இருக்கு. துர்முஷ், "நின்றவன்". யஷார், "வாழ்பவன்": 1948 லண்டன் ஒலிம்பிக்ஸ்ல மல்யுத்தத் தங்கம் வாங்கின யஷார் தோவு ஞாபகம் இருக்கா? மத்திய ஆசியாவுல இதே துர்சுன் வல்லின ஒலியோட, "துணி"ல வர்ற "து" மாதிரி ஆரம்பிக்கும். துருக்கியில அது மெலிஞ்சு, நாம "துக்கம்"னு சொல்றப்ப வர்ற "து" ஆயிடுச்சு. பாவம், நம்ம எழுத்துல ரெண்டுக்கும் ஒரே "து"தான்.

சரி, தலைப்புக்கு வந்துடுவோம். சத்துல்முஷ். அதுல வர்ற ரெண்டு "உ"வையும் உதடு குவிக்காம சொல்லணும். "காற்று", "பாட்டு" கடைசியில வருதே, குற்றியலுகரம், கிட்டத்தட்ட அதேதான். துருக்கி மொழி படிக்கிற வெளிநாட்டுக்காரங்க பல பேர் இந்த ஒலிக்குத் திண்டாடுவாங்க, நமக்கு இலவசமா கிடைச்சிருக்கு!

அர்த்தம், "விற்கப்பட்டவன்". துருக்கியோட ஆசியப் பகுதியான அனதோலியா கிராமங்கள்ல இதை ரெண்டு வழியில செஞ்சாங்க. ஒண்ணு, ஞானி ஒருத்தரோட சமாதிக்குப் போய், பிறக்கிற பிள்ளை உங்களுதுன்னு நேர்ந்துக்கிறது. பிள்ளை தங்கினா பலி கொடுத்து நேர்ச்சையைத் தீர்ப்பாங்க. இன்னொண்ணு, பிள்ளைகள் நல்லபடியா வளர்ற வீட்டு அம்மாகிட்ட, பேருக்கு ஒரு சில்லறையை வாங்கிட்டுப் பிள்ளையை விக்கிறது. விக்கிறதோட சரி, வளர்றது பெத்த வீட்டுலயேதான். சும்மா தூக்கிக் கொடுத்தா அது விற்பனை ஆகாது, அதனால காசு கை மாறணும். பிள்ளையைக் கொண்டுபோற தீய சக்தி வாசல்ல வந்து பார்த்தா, "இது இந்த வீட்டுப் பிள்ளையே இல்லையே"ன்னு திரும்பிடணும். அதான் கணக்கு. அந்தக் கணக்கு அழியாம இருக்கத்தான் பேர்லயே ரசீது!

இதைக் கேட்கிறப்பவே உங்க வீட்டுப் பாட்டி ஞாபகம் வந்திருக்கணுமே? பிள்ளையைத் தவிட்டுக்கு வித்து, தவிடன், தவிட்டம்மாள்னு பேர் வெச்சது நம்ம ஊர்லதானே! பிச்சை, குப்பன்னு பேர் வெச்சதும் அதே பயத்துலதான். அவங்க நம்மகிட்ட கத்துக்கலை, நாமளும் அவங்ககிட்ட கத்துக்கலை. பிள்ளை சாவுக்குப் பயந்தவங்க ரெண்டு இடத்துலயும் ஒரே மாதிரி யோசிச்சிருக்காங்க. என்னைக் கேட்டா, "வீரன்", "சிங்கம்"னு அர்த்தம் வர்ற பேர் நூறு கிடைக்கும், தவிட்டுக்கு ஈடா நிக்கிற பேர் கிடைக்காது.

[திரையில்: கிர்கிஸ்தானின் 100 சோம் நோட்டு]

இப்ப இந்த நோட்டைப் பாருங்க. இதுல இருக்கிறவர் தோக்தோகுல் சத்தில்கனோவ், 1864-ல பிறந்து 1933-ல இறந்த கிர்கிஸ் பாடகர். கோமுஸ்னு மூணு தந்தி வாத்தியத்தை வாசிச்சுப் பாடுவார். 1898 அந்திஜான் கிளர்ச்சியில சேர்ந்தார்னு குற்றம் சாட்டி சைபீரியாவுக்கு நாடு கடத்தினாங்க. பேரை மட்டும் பிரிச்சுப் பாருங்க. "தோக்தோ"னா நில், "குல்"னா அடிமை. அப்பா பேர் சத்தில்கன், அதாவது விற்கப்பட்டவன்! ஒரே மனுஷன் பேர்ல துர்சுனும் சத்துல்முஷும் சேர்ந்து உட்கார்ந்திருக்காங்க. பக்கத்து நாடான தஜிகிஸ்தானோட 1 சொமோனி நோட்டுல இருக்கிற கவிஞர் மிர்சோ துர்சுன்சோதா. தஜிக் பாரசீகக் குடும்பத்து மொழி, ஆனாலும் பேர்ல துருக்கிய "துர்சுன்" நுழைஞ்சிருச்சு.

பெண்பிள்ளை பேர்ல ஒண்ணே ஒண்ணு, "யெதெர்". அர்த்தம் "போதும்". நம்ம போதும்பொண்ணு அங்கேயும் இருக்காங்க, அதுக்கு மேல விளக்கம் வேண்டாம்.

இன்னைக்கு இளம் பெற்றோர் இந்தப் பேர்களை அதிகம் தேடுறதில்லை. சத்துல்முஷ் பாடு இன்னும் மோசம், ஏன்னா இப்போதைய பேச்சுல அது "விலை போனவன்", "துரோகி"ன்னு திட்டுற சொல். கால்பந்து மைதானத்துல நடுவரைப் பார்த்துக் கத்துற வசையில அது இருக்கும். துர்சுன் மட்டும் கௌரவமா தப்பிச்சுட்டார்: கலாதாசராய்ங்கிற இஸ்தான்புல் கால்பந்து கிளப்புக்கு 2015-லயும் 2022-ல மறுபடியும் தலைவரானவர் துர்சுன் ஓஸ்பெக். அந்தக் குடும்பப் பேரோட அர்த்தம் "உஸ்பெக்". அசல் உஸ்பெக்கா இருந்திருந்தா வல்லின "து" போட்டிருப்பாங்க!

தவிடன், குப்பன், பிச்சை தவிர உங்க ஊர்ல இதே காரணத்துக்கு வெச்ச பேர் வேற இருந்தா, எந்த மாவட்டம்னு சேர்த்து கமெண்ட்ல போடுங்க.