டெக்சாஸில் வீட்டிலேயே திரெடிங், வேக்ஸிங் செய்யலாமா? லைசென்ஸ் யாருக்கு வேண்டும்?

வணக்கம். டாலஸ் பக்கத்தில் ஃபிரிஸ்கோவிலிருந்து ஒரு தங்கை கேட்டிருக்கிறார். "அக்கா, கோயம்புத்தூரில் ஆறு மாதம் பியூட்டிஷியன் கோர்ஸ் முடித்திருக்கிறேன். இங்கே அக்கம்பக்கத்தில் எல்லோரும் ஐப்ரோ எடுத்து விடச் சொல்கிறார்கள். வீட்டிலேயே திரெடிங், வேக்ஸிங், ஃபேஷியல், முடி வெட்டுவது எல்லாம் செய்யலாமா? லைசென்ஸ் வேண்டுமா? நான் எச்-4 விசாவில் இருக்கிறேன்."

தங்கை, கடைசியாகச் சொன்னீர்களே எச்-4 விசா, எச்-1பி வேலை விசாவில் இருப்பவரின் மனைவி போன்ற குடும்பத்தினருக்குக் கொடுப்பது, அதை முதலில் பார்த்துவிடலாம். காசு வாங்கி வேலை செய்வதென்றால் உங்கள் கையில் இஏடி, அதாவது வேலை அனுமதி அட்டை இருக்க வேண்டும். மாநிலம் கொடுக்கிற லைசென்ஸ் வேறு, மத்திய அரசு கொடுக்கிற வேலை அனுமதி வேறு. ஒன்று இருந்தால் இன்னொன்று இருப்பதாக ஆகாது. பக்கத்து வீட்டுக்காரர் பத்து டாலர் கொடுத்தால் அதுவும் சம்பாத்தியம்தான். இஏடி இல்லாமல் தயவுசெய்து தொடங்காதீர்கள்.

சரி, இஏடி இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். நீங்கள் சொன்ன நான்கு வேலைக்கும் ஒரே பதில் கிடையாது. டெக்சாஸில் திரெடிங்குக்கு லைசென்ஸ் வேண்டாம். மற்ற மூன்றுக்கும் வேண்டும்.

திரெடிங்குக்கு மட்டும் ஏன் இந்த விலக்கு? இது சும்மா கிடைத்ததில்லை. முன்பு டெக்சாஸில் நூலால் புருவம் எடுக்கவும் 750 மணி நேரம் பள்ளியில் படித்து, பரீட்சை எழுதி, லைசென்ஸ் வாங்க வேண்டும் என்று இருந்தது. டிடிஎல்ஆர் என்று சொல்வோமே, மாநில லைசென்ஸ் துறை, அவர்கள் திரெடிங் கடைகளில் சோதனை போட்டு அபராதம் விதித்தார்கள். தொழில் செய்தவர்கள் சிலர் சேர்ந்து வழக்குப் போட்டார்கள். அது டெக்சாஸ் உச்ச நீதிமன்றம் வரை போனது. 2015 ஜூன் 26 அன்று ஆறு நீதிபதிகள் அவர்கள் பக்கம், மூன்று பேர் எதிர்ப்பக்கம் என்று தீர்ப்பு வந்தது. அந்த 750 மணி நேரத்தில் 320 மணி நேரத்துக்குத் திரெடிங்கோடு சம்பந்தமே இல்லை, இது மாநில அரசியல் சாசனத்துக்கு ஒவ்வாத சுமை என்றது நீதிமன்றம். பிறகு சட்டத்திலேயே திரெடிங்கை விலக்கி எழுதிவிட்டார்கள். நூலால் எடுக்கும்போது கூடவே புருவ முடியைக் கத்தரியால் லேசாக ஒதுக்கினால் அதுவும் அந்த விலக்குக்குள் வரும்.

எனக்கு அந்தத் தீர்ப்பு ரொம்பப் பிடிக்கும். நூலை விரலில் சுற்றி, ஒரு முனையைப் பல்லில் கடித்து, நடுவில் ஏழெட்டு முறுக்கு கொடுத்து, முடியோடு வேரையும் பிடுங்குகிற அந்த வேலையை எந்தப் பள்ளி எனக்குச் சொல்லிக் கொடுத்தது? என் அத்தைதான் சொல்லிக் கொடுத்தார். அதைச் செய்ய ஒருத்தி ஆயிரக்கணக்கில் டாலர் கட்டி மேக்கப் பாடம் படிக்க வேண்டும் என்பது அநியாயம்தான்.

ஆனால் அதே வாதத்தை வேக்ஸிங்குக்குக் கொண்டுவராதீர்கள். நான் இங்கே எஸ்தடிஷியன், அதாவது சருமப் பராமரிப்பு செய்பவருக்கான லைசென்ஸுக்குப் படித்தபோது முதல் வாரமே ஒன்று நடந்தது. ஊர்ப் பழக்கத்தில், கையில் மெழுகு தடவிய குச்சியை மறுபடியும் சட்டியில் விட்டேன். டீச்சர் ஒன்றும் பேசவில்லை. சட்டியை எடுத்துப்போய் மெழுகு முழுவதையும் குப்பையில் கொட்டிவிட்டு வந்தார். தோலைத் தொட்ட குச்சி திரும்பச் சட்டிக்குள் போனால், ஒருவருடைய கிருமி அடுத்தவருக்குப் போகும். ஒரு தடவை தொட்டால் ஒரு குச்சி, அவ்வளவுதான். சீப்பும் அப்படித்தான். சலூனில் நீல நிறத் திரவத்தில் சீப்பு முங்கிக் கிடக்குமே, பார்பிசைட், அது அழகுக்கு வைத்ததில்லை. முதலில் சோப்புப் போட்டுக் கழுவி, பிறகு பத்து நிமிடம் முழுசாக மூழ்கி இருக்க வேண்டும். திரவத்தைத் தினமும் மாற்ற வேண்டும். இதையெல்லாம் கற்றுக்கொள்ளச் செலவான நேரத்தை நான் வீண் என்று சொல்ல மாட்டேன்.

அப்புறம் மணிக்கணக்கு. ஃபேஷியலும் வேக்ஸிங்கும் மட்டும் போதும் என்றால் எஸ்தடிஷியன், 750 மணி நேரம். வாரம் 30 மணி நேரம் போனால் 25 வாரம். முடியும் வெட்ட வேண்டுமென்றால் ஆபரேட்டர் லைசென்ஸ், 1,000 மணி நேரம். அதில் ஃபேஷியல், நகம் எல்லாம் அடங்கிவிடும், அதனால் உங்களுக்கு இதுதான் பொருத்தம். கோயம்புத்தூர் சான்றிதழைக் காட்டி நேராக லைசென்ஸ் கேட்க முடியாது. நம் ஊரில் பார்லர் நடத்த உள்ளாட்சியில் தொழில் உரிமம் வாங்குவோமே தவிர, கத்தரி பிடிக்கிற ஆளுக்கென்று அரசு லைசென்ஸ் கொடுப்பதில்லையே. அதனால் இங்கே மாற்றிக்கொள்ள நம்மிடம் லைசென்ஸ் இல்லை. படித்தது வீண் போகாது, வகுப்பில் கை சரளமாக ஓடும்.

வீட்டில் செய்வது பற்றிக் கேட்டிருந்தீர்கள். ஆளுக்கு லைசென்ஸ் வாங்கினால் மட்டும் போதாது, இடத்துக்கும் தனியாக வாங்க வேண்டும். வீட்டில் என்றால் வாடிக்கையாளர் வர வெளியிலிருந்து தனி வாசல், குடும்பம் புழங்கும் இடத்திலிருந்து சுவர் வைத்துப் பிரித்த அறை. அபார்ட்மெண்டில் இது நடக்கிற காரியமில்லை. தனி வீடாக இருந்தாலும் எச்ஓஏ, அதாவது குடியிருப்பு வீட்டு உரிமையாளர் சங்கத்தின் விதிகளைப் படித்துப் பாருங்கள். லைசென்ஸ் உள்ள சலூனில் ஒரு நாற்காலியை வாடகைக்கு எடுப்பது இதைவிடச் சுலபம்.

வேறு மாநிலத்தில் இருந்து பார்க்கிறவர்கள் இதை அப்படியே எடுத்துக்கொள்ளாதீர்கள். கலிபோர்னியாவிலும் திரெடிங்குக்கு விலக்கு உண்டு. அங்கே காஸ்மெட்டாலஜிக்கு, அதாவது முடி, முகம், நகம் எல்லாம் சேர்ந்த லைசென்ஸுக்கு, 1,600 மணி நேரமாக இருந்ததை 2022 முதல் 1,000 ஆகக் குறைத்தார்கள். நியூ ஜெர்சியில் 1,200. மாநிலம் மாறினால் கணக்கும் மாறும்.

தங்கை, பள்ளியில் சேர்வதற்கு முன்னால் அந்தப் பள்ளியின் பெயரை டிடிஎல்ஆர் இணையதளத்தில் தேடிப் பாருங்கள். அதில் வராத பள்ளியில் படித்த மணி நேரம் கணக்கில் ஏறாது. அங்கே பெயரைப் பார்த்த பிறகு முன்பணம் கட்டுங்கள்.