அந்த அஞ்சு நாளுக்குக் கூலி உண்டா?

(சென்னை, கோட்டூர்புரத்தில் ஒரு வாசகர் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம். கற்பனை உலகத்துக்கு நாட்காட்டி எப்படி அமைப்பது என்று பேசச் சொன்னார்கள். நான் முதலில் செய்த நாட்காட்டி எப்படிச் சொதப்பியது என்பதிலிருந்து ஆரம்பிக்கிறேன்.

என் நாவலில் ஒரு பேரரசு. வானத்தில் இரண்டு நிலா. வருஷத்துக்கு 12 மாதம், மாதத்துக்கு 30 நாள். மிச்சம் 5 நாள் எந்த மாதத்திலும் சேராது, அது திருவிழா. பழைய எகிப்தியர்கள் வைத்திருந்த கணக்குதான். 1793-இல் பிரெஞ்சுப் புரட்சிக்காரர்களும் இதையே எடுத்துக்கொண்டார்கள். கோடு போட்ட மாதிரி நேராக வந்துவிட்டது என்று எனக்கு ஒரே பெருமை.

கைப்பிரதியை ஒரு தோழியிடம் கொடுத்தேன். கட்டட வேலை நடக்கிற இடத்தில் கணக்கு எழுதுகிறவர். படித்துவிட்டு ஒன்றே ஒன்று கேட்டார்: "அந்த அஞ்சு நாளுக்குக் கூலி உண்டா, கிடையாதா?"

என்னிடம் பதில் இல்லை. வட்டிக்காரன் அந்த ஐந்து நாளைக் கணக்கில் சேர்ப்பானா? அப்போது பிறந்த குழந்தைக்கு எந்த மாதம்? பிரெஞ்சுக்காரர்கள் வாரத்தை 10 நாளாக்கினார்கள். ஏழு நாளைக்கு ஒருமுறை கிடைத்த ஓய்வு பத்து நாளைக்கு ஒருமுறை என்றானது. உழைக்கிறவன் அதை ரசித்திருப்பானா? 1806 ஜனவரி 1 முதல் நெப்போலியன் அந்த நாட்காட்டியையே தூக்கிவிட்டார்.

இன்று காலை வீட்டில் கிழித்த காலண்டர் சீட்டைக் கொண்டுவந்திருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை. பெரிய எழுத்தில் ஆங்கிலத் தேதி. அதன் கீழே தமிழ் மாதத் தேதி. ஓரத்தில் பொடி எழுத்தில் ஹிஜ்ரி தேதி. சூலம் மேற்கு, பரிகாரம் வெல்லம். ராகு காலம் நாலரை முதல் ஆறு. அதாவது இந்தக் கூட்டம் சரியாக ராகு காலத்தில் நடந்துகொண்டிருக்கிறது. ஏற்பாட்டாளர்களின் துணிச்சலைப் பாராட்டுகிறேன். பின்பக்கம் என் அம்மாவின் பால் கணக்கு. உள்ளங்கை அளவு தாள், அதற்குள் மூன்று தேதி. ஒரே தேதி உள்ள கற்பனை உலகம் இந்தத் தாளைவிட ஏழை.

நம் தமிழ் மாதங்களையே பாருங்கள். ஆனி 32 நாள் வரை போகும். மார்கழி 29-லேயே முடிந்துவிடுவதுண்டு. யாரோ தப்பாகக் கூட்டிவிட்டார்கள் என்று நினைக்கக் கூடாது. ஆனியில் பூமி சூரியனை விட்டுத் தள்ளி இருப்பதால் மெதுவாக நகர்கிறது. மார்கழியில் கிட்டே வந்து வேகமெடுக்கிறது. சூரியன் ஒரு ராசியைக் கடக்க எவ்வளவு நாளோ அதுதான் மாதம். நான் போட்ட நேர்கோட்டில் வானமே இல்லை.

சரி, பிறகு யார்தான் எல்லோருக்கும் ஒரே நாட்காட்டி வேண்டும் என்கிறார்கள்? பெரும்பாலும் வரி வாங்குகிறவர்கள். பட்டா, அடங்கல் என்று அலைந்தவர்களுக்குப் 'பசலி' என்ற சொல் தெரிந்திருக்கும். ஹிஜ்ரி வருஷம் நிலவை வைத்து ஓடுவது, சூரிய வருஷத்தைவிடச் சுமார் 11 நாள் குறைவு. அதன்படி வரி கேட்டால், சில வருஷத்தில் கதிர் முற்றும் முன்பே தண்டல்காரன் வாசலில் நிற்பான். அதனால் அக்பர் காலத்தில் அறுவடையை ஒட்டி ஏற்படுத்திய ஆண்டு அது. இன்றும் நம் வருவாய்த் துறைக்கு ஜூலை 1 அன்று புதுப் பசலி பிறக்கிறது. 2024 ஜூலையில் பிறந்தது 1434.

எதிர்ப்பக்கமும் உண்டு. விடுதலைக்குப் பிறகு இயற்பியல் அறிஞர் மேகநாத் சாஹா தலைமையில் ஒரு குழு உட்கார்ந்து, நாட்டில் சுமார் 30 நாட்காட்டிகள் புழங்குவதைக் கண்டு, 'சக' ஆண்டுக் கணக்கை வைத்து ஒரே தேசிய நாட்காட்டி செய்து கொடுத்தது. 1957 மார்ச் 22 முதல் அது நடப்பில் இருக்கிறது. அரசிதழில் அச்சாகிறது. அறிவியல்படி நல்ல வேலை, குறை சொல்ல மாட்டேன். ஆனால் இந்த அரங்கில் யாராவது அந்தச் 'சக' வருஷத் தேதி பார்த்துக் கல்யாணத்துக்கு நாள் குறித்திருக்கிறீர்களா? ஒரு கைகூடத் தூக்கக் காணோம்.

ஆக, நாவலைத் திருத்தினேன். பேரரசின் 12 முப்பதை அப்படியே வைத்துக்கொண்டேன். ஆனால் அது தலைநகரிலும் சுங்கச் சாவடியிலும் மட்டும்தான் செல்லும். கடற்கரைக் குப்பத்தில் சின்ன நிலாவை வைத்து எண்ணுகிறார்கள். மாதம் பிறந்ததும் தண்டல்காரன் ஓலையோடு வருகிறான்; குப்பத்துக்கு அது சின்ன நிலா மறையும் இரவு, படகெல்லாம் கடலில். வெறும் கரையில் அவன் நிற்கிற இடத்தில்தான் என் கதை முதல் தடவையாக நகர ஆரம்பித்தது.

அந்த ஐந்து நாளுக்கும் ஒரு தீர்வு எழுதினேன்: கூலி கிடையாது, அரண்மனைச் செலவில் சோறு உண்டு. தோழியிடம் மறுபடி கொடுத்தேன். படித்தார். தலையாட்டினார். அப்புறம் கேட்டார்: "யார் சமைப்பாங்க? அவங்களுக்குக் கூலி?"

மூன்றாவது திருத்தம் போய்க்கொண்டிருக்கிறது.