முதல் கதாநாயகி அண்ணா சாளுங்கே

நேயர்களுக்கு வணக்கம்.

அரிச்சந்திரன் கதையில் நாம் சந்திரமதி என்று அழைக்கும் அரசியை மராத்தியர் தாராமதி என்பர். 1913ஆம் ஆண்டு மே மாதம் 3ஆம் நாள், பம்பாயின் கொரனேஷன் திரையரங்கில் இந்தியாவின் முதல் முழுநீளக் கதைப்படமாகக் கருதப்படும், தாதாசாகேப் பால்கே இயக்கிய ‘ராஜா ஹரிச்சந்திரா’ பொதுமக்களுக்குத் திரையிடப்பட்டபோது, அந்த அரசியாகத் தோன்றியவர் பெண் அல்லர். கிராண்ட் ரோடு பகுதியில் ஓர் உணவகத்தில் வேலை பார்த்துவந்த அண்ணா சாளுங்கே என்னும் இளைஞர்.

பால்கே முதலில் பெண்களைத்தான் தேடினார். விளம்பரம் செய்தார், பயனில்லாமற்போகவே, கணிகையர் வாழ்ந்த பகுதிகளுக்கு நேரில் சென்றும் கேட்டுப் பார்த்தார். ஒளிப்படக் கருவியின் முன் நடிப்பதை அவர்களும் தங்களுக்கு இழிவென்றே கருதினார்கள். மேடையில் ஆண்கள் பெண் வேடம் கட்டுவது அன்று மராத்தி நாடகத்தில் மதிப்புமிக்க கலை. நம் ஊரில் ‘ஸ்திரீ பார்ட்’ என்று வழங்கியதும் அதுவே. ஆனால், சாளுங்கேயின் வரவு மேடை வழியாக நேர்ந்ததன்று. அந்த உணவகத்துக்குச் சென்ற பால்கேயின் கண்ணில் பட்டவை அவருடைய மெல்லிய உடல்வாகும் கைகளும்தாம். உணவகத்தில் அவருக்கு மாதம் பத்து ரூபாய். பால்கே பதினைந்து தருவதாகச் சொன்னார். ஐந்து ரூபாய்க்காக ஒருவர் அரசியானார் என்று இதைச் சிரித்துக் கடந்துவிடலாம். ஆனால் வருமானத்தில் சரிபாதி கூடுவது ஓர் ஏழைத் தொழிலாளிக்குச் சிறிய செய்தியன்று.

அதே 1913இல் வந்த ‘மோகினி பஸ்மாசுர்’ படத்தில் துர்காபாய் காமத்தும் அவருடைய மகள் கமலாபாயும் நடித்தனர். பெண்கள் வந்துவிட்ட பிறகு சாளுங்கேயின் தேவை தீர்ந்திருக்க வேண்டும் என்று நினைக்கத் தோன்றும். நடந்தது வேறு. 1917இல் பால்கே எடுத்த ‘லங்கா தகனம்’ படத்தில் இராமனாகவும் சீதையாகவும் சாளுங்கே ஒருவரே நடித்தார். இந்தியத் திரைப்படத்தின் முதல் இரட்டை வேடமாக இது பொதுவாகக் குறிப்பிடப்படுகிறது. அந்தக் கதைப்பகுதியைத் தேர்ந்ததில் பால்கேயின் சாமர்த்தியமும் இருப்பதாக எனக்குத் தோன்றுகிறது: சீதை அசோகவனத்தில், இராமன் கடலுக்கு இப்பால், இருவரும் பிரிந்திருக்கும் காண்டமாதலால், ஒரே நடிகரை இரண்டு இடங்களில் காட்டுவதற்குத் தந்திரக் காட்சிகள் பெரிதும் தேவைப்பட்டிருக்காது. திரையில் இராமன் தோன்றியதும் மக்கள் காலணிகளைக் கழற்றிவிட்டு வணங்கினார்கள் என்றும், சென்னையில் வசூலான நாணயங்களை மாட்டு வண்டியில் காவலுடன் ஏற்றிச் சென்றார்கள் என்றும் சொல்லப்படுகிறது. அவர்கள் கும்பிட்ட இராமனும், அவர்கள் கண்ணீர் விட்ட சீதையும் ஒரே முகம்.

அந்த முகத்தைச் சாளுங்கே நெடுங்காலம் திரையில் வைத்திருக்கவில்லை. நடித்த படங்கள் விரல்விட்டு எண்ணத்தக்கவை. 1920களில் அவர் ஒளிப்பதிவாளராக மாறி, 1931 வரை அதே துறையில் நீடித்தார். ஒளிப்பதிவு செய்த படங்கள் முப்பதுக்கு மேல். உணவகத்திலிருந்து நேரே அரிதாரத்துக்கு வந்தவர், படமெடுக்கும் நுட்பத்தை எப்போது, எப்படிப் பழகினார் என்பதே அவருடைய நடிப்பைவிட எனக்கு வியப்பூட்டுவது. பால்கேயின் குழுவில், அவருடைய மனைவி சரசுவதிபாயே படச்சுருளில் துளையிடுவதற்கும் அதைக் கழுவுவதற்கும் கற்றுக்கொண்டு, படக்குழுவினர் அனைவருக்கும் சமைத்தும் போட்டார். அத்தகைய வீட்டில், வேடம் கலைத்த பின் ஒரு நடிகர் சும்மா உட்கார்ந்திருக்க முடிந்திருக்காது.

நன்றி, வணக்கம்.