காரைவிட்டு இறங்கியவர்

அவையோருக்கு வணக்கம்.

கார் பந்தயம் என்றதும் நமக்கெல்லாம் ஓட்டுநரின் முகம்தான் நினைவுக்கு வரும். இன்று நான் பேச வந்திருப்பது, ஓட்டுநர் இருக்கையிலிருந்து எழுந்துவிட்ட ஒருவரைப் பற்றி. அமெரிக்காவின் ஸ்டாக் கார் பந்தய உலகைச் சேர்ந்த அவர் பெயர் ரிச்சர்ட் சில்ட்ரெஸ். சாலையில் ஓடும் சாதாரணக் கார்களின் தோற்றம் கொண்ட கார்கள் ஓடும் பந்தயம் அது.

வட கரோலினாவின் வின்ஸ்டன்-சேலம் ஊர்க்காரர். அங்குள்ள போமன் கிரே மைதானத்தில் பந்தய நாட்களில் வேர்க்கடலை விற்ற பையன். வளர்ந்ததும் இருபது டாலருக்கு ஒரு பழைய பிளிமத் காரை வாங்கிப் பந்தயத்தில் இறங்கினார். 1969இல் டல்லடேகாவில் புதிதாகத் திறந்த தடத்தின் வேகத்தை டயர்கள் தாங்கவில்லை என்று முன்னணி ஓட்டுநர்கள் வெளியேறினார்கள். அப்படிக் காலியான இடத்தில்தான் சில்ட்ரெஸ் பெரிய பந்தயத்துக்குள் நுழைந்தார்.

அதன்பின் மொத்தம் 285 பந்தயங்கள். வெற்றி ஒன்றுகூட இல்லை. தயவுசெய்து இதைக் கேட்டு அவரைக் குறைத்து எண்ணிவிடாதீர்கள். சொந்தக் காரைச் சொந்தச் செலவில் ஓட்டியவர் அவர். சுவரில் இடித்தால் நஷ்டமும் அவருடையதுதான்.

1981 ஆகஸ்டில் ஒரு திருப்பம். முந்தைய ஆண்டின் சாம்பியன் டேல் எர்ன்ஹார்ட், தம் அணி கைமாறியது பிடிக்காமல் வேறு கார் தேடிக்கொண்டிருந்தார். சில்ட்ரெஸ் தம்முடைய 3ஆம் எண் காரை அவரிடம் கொடுத்துவிட்டு இறங்கிக்கொண்டார். அப்போது அவருக்கு வயது 35.

இந்தக் கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் இங்கேயே நின்றுவிடுகிறார்கள். எனக்கோ அடுத்து நடந்ததுதான் பெரிதாகப் படுகிறது. மீதமிருந்த 11 பந்தயங்களிலும் வெற்றி கிட்டவில்லை. ஆண்டு முடிந்ததும் சில்ட்ரெஸ் எர்ன்ஹார்ட்டிடம் ஒளிவுமறைவின்றிப் பேசினார்: உன் திறமைக்கு ஈடான கார் இன்னும் என்னிடம் இல்லை, நல்ல அணியாகப் பார்த்துப் போ என்றார். கைக்கு வந்த சாம்பியனைத் தாமே வழியனுப்பி வைக்க எத்தனை நெஞ்சுரம் வேண்டும்! எர்ன்ஹார்ட் பட் மூரின் அணிக்குப் போனார். சில்ட்ரெஸ், ரிக்கி ரட் என்பவரை ஓட்டுநராக அமர்த்தி அணியைக் கட்டினார். 1983 ஜூனில், கலிபோர்னியாவின் ரிவர்சைடில், அணிக்கு முதல் வெற்றியை ரட் தேடித் தந்தார். 1984இல் எர்ன்ஹார்ட் திரும்பி வந்தார். 1986 தொடங்கி 1994க்குள் இருவரும் சேர்ந்து ஆறு சாம்பியன் பட்டங்கள் வென்றார்கள்.

2001 பிப்ரவரி 18. புளோரிடாவின் டேடோனாவில் நடந்த பந்தயத்தின் கடைசிச் சுற்றில் சுவரில் மோதி எர்ன்ஹார்ட் இறந்தார். இருபது ஆண்டு நண்பரை இழந்தவருக்கு அடுத்த ஞாயிறே பந்தயம். அவரை நம்பி ஒரு பட்டறையே இருந்தது. சில்ட்ரெஸ் காரின் கறுப்பு நிறத்தை வெள்ளையாக்கி, 3 என்ற எண்ணை 29 என்று மாற்றி, கெவின் ஹார்விக் என்ற இளைஞரை உட்காரவைத்தார்.

மூன்றே வாரத்தில், அட்லாண்டாவில், 0.006 விநாடி வித்தியாசத்தில் ஹார்விக் வென்றார். எர்ன்ஹார்ட்டின் காருக்கு நெடுங்காலம் பெட்ரோல் நிரப்பியவர் அழுதுவிட்டார். தடத்தில் டயர்கள் புகை கக்க, அந்த வெள்ளைக் காரின் ஜன்னலுக்கு வெளியே ஒரு கை நீண்டது. அதில் மூன்று விரல்கள் உயர்ந்திருந்தன.